'இப்ப வேணாம்': கேமுக்குள் வந்து நிற்கும் பெட்டியின் கதை

லீவுக்கு கம்பஸிலிருந்து நானுஓயாவுக்கு வந்தால், வீட்டில் எனக்கென்றே ஒதுக்கி வைத்த வேலை ஒன்று இருக்கும். அம்மாவின் போனைப் பார்த்துக் கொடுப்பது. "என்னமோ வந்து வந்து நிக்குது, என்னன்னு பாரு" என்று கையில் தந்துவிட்டு அடுப்படிக்குப் போய்விடுவாங்க.

அந்தப் போனுக்கே ஒரு சின்ன வரலாறு இருக்கு. 2020 மார்ச்சில் பள்ளிக்கூடங்களை மூடியபோது எங்க லயத்தில் ஸ்மார்ட் போன் இருந்த வீடுகள் குறைவு. பாடங்கள் வட்ஸ்அப்பில் வரத் தொடங்கியதும், அம்மா சீட்டுக் காசை எடுத்து ஒன்று வாங்கினாங்க. என்னுடைய ஏ/எல் நோட்ஸ் வந்ததும் அதில்தான், அப்போது சின்னப் பையனாக இருந்த தம்பியின் பாடம் வந்ததும் அதில்தான். சிக்னல் வேணும்னா தேயிலை மலையில் மேலே ஏறிப்போய், கல்லு மேல உட்காரணும். அந்தக் காலம் முடிந்துபோச்சு. போன் மட்டும் இன்னும் நாலு பேருக்குப் பொதுவாகவே இருக்கு. பேர்தான் 'அம்மா போன்'.

இந்தத் தடவை பிரச்சினை தம்பியின் கார் ரேஸ் கேம். டேட்டா இல்லாமலேயே ஓடக்கூடிய ஒரு இலவச கேம். ஆனால் திறந்த ஒவ்வொரு தடவையும் ஒரு பெட்டி வந்து நின்றது. கேம் சேவை ஒன்றில் சைன் இன் பண்ணச் சொல்லும் பெட்டி. அதில் இரண்டு பட்டன். ஒன்று பெரிசா, கலரா, 'தொடரவும்' என்று. மற்றது கீழே சின்ன எழுத்தில், 'இப்ப வேணாம்' என்று. 'வேணாம்' என்று ஒரு பட்டன் அதில் கிடையாது. தம்பி பல நாள் சின்ன எழுத்தை அமுக்கிப் பார்த்திருக்கான். ஒருநாள் சலித்துப்போய் பெரிசை அமுக்கிட்டான். மறுநாள் கேம் திறந்ததும் மேலே ஒரு பட்டை இறங்கி, அம்மாவின் பேரைச் சொல்லி வரவேற்றது.

அம்மா அதைப் பார்த்துட்டு கேட்ட கேள்விதான் இந்தக் கட்டுரைக்குக் காரணம். "என் பேரு எப்படிடா இந்த விளையாட்டுக்குள்ள போச்சு?"

நிறுத்துவது எப்படி என்று கடைசியில் சொல்கிறேன். அது 5 நிமிஷ வேலை. ஆனால் அம்மாவின் கேள்விக்குப் பதில் சொல்ல கிட்டத்தட்ட 30 வருஷம் பின்னால போகணும்.

முதல் பெட்டி

1990களின் பிற்பகுதியில் அமெரிக்காவில் டிரைபொட் என்று ஓர் இணையத்தளம் இருந்தது. யார் வேண்டுமானாலும் அதில் இலவசமாகத் தங்களுக்கென்று ஒரு பக்கம் திறந்து எழுதலாம். இலவசம் என்பதால் வருமானம் விளம்பரத்திலிருந்துதான் வரணும். ஒருநாள் ஒரு கார் கம்பனியின் விளம்பரம், பாலியல் விஷயம் எழுதியிருந்த யாரோ ஒருவரின் பக்கத்தில் போய் உட்கார்ந்துவிட்டது. கம்பனிக்குக் கோபம். எங்க பேரை இப்படிப்பட்ட பக்கத்தோடு சேர்த்துக் காட்டாதீங்க என்றார்கள்.

அங்கே வேலை செய்த ஈத்தன் சக்கர்மன் அதற்கு ஒரு வழி கண்டுபிடித்தார். விளம்பரத்தைப் பக்கத்துக்குள் வைக்காமல், தனியாக ஒரு சின்ன ஜன்னலில் திறக்கும்படி ஜாவாஸ்கிரிப்டில் சில வரிகள் எழுதினார். விளம்பரமும் பக்கமும் இப்போது வேறு வேறு. கம்பனிக்கு நிம்மதி. பொப்-அப் பிறந்தது இப்படித்தான்.

2014இல் சக்கர்மன் 'தி அட்லாண்டிக்' இதழில் ஒரு நீண்ட கட்டுரை எழுதி இதற்காக மன்னிப்புக் கேட்டார். எங்கள் நோக்கம் நல்லதாகத்தான் இருந்தது என்றும் அதில் சொன்னார். அந்த மன்னிப்பை வைத்து அவரைக் கிண்டல் பண்ணியவர்கள் நிறைய. எனக்கு அந்தக் கட்டுரையில் முக்கியமாகப் பட்டது வேறு. விளம்பரத்தை நம்பி இலவசமாகக் கொடுக்கும் வியாபாரத்தைத் தேர்ந்தெடுத்ததுதான் அடிப்படைத் தவறு, பொப்-அப் அதன் ஒரு விளைவு என்பது அவர் வாதம். அந்த முதல் பெட்டி தீர்த்து வைத்தது யாருடைய பிரச்சினையை என்று பாருங்க. விளம்பரம் கொடுத்தவரின் பிரச்சினையை. பக்கத்தை வாசிக்க வந்தவரிடம் யாரும் எதுவும் கேட்கவில்லை.

அதன் பிறகு வெள்ளம். 2001 வாக்கில் எக்ஸ்10 என்ற கம்பனியின் சின்னக் கமெரா விளம்பரம், வாசிக்கும் பக்கத்துக்கு அடியில் ஒளிந்து திறந்து, மேலே உள்ளதை மூடிய பிறகு தலைகாட்டும். இணையம் பாவித்தவர்கள் எல்லாரும் திட்டிய விளம்பரம் அது. ஜனங்கள் வெறுத்துப்போனதால் பிரவுசர்கள் மாற வேண்டி வந்தது. ஒபேரா, மொசில்லா போன்றவை முன்னாலேயே தடுப்பைக் கொண்டுவந்தன. 2003இல் கூகுள் தன் டூல்பாரில் தடுப்பைச் சேர்த்தது. 2004 ஓகஸ்டில் மைக்ரோசொப்ட், விண்டோஸ் எக்ஸ்பி இரண்டாம் சேர்விஸ் பெக்கோடு இன்டர்நெட் எக்ஸ்புளோரரிலும் அதை வைத்தது. அதே வருஷம் நவம்பரில் பயர்பொக்ஸ் 1.0 வந்தபோது, பொப்-அப் தடுப்பு அதன் பெரிய விளம்பரமாகவே இருந்தது.

பெட்டிக்கு எதிராகப் பாவனையாளர்கள் ஜெயித்த முதல் சண்டை இது. அது முடிந்தபோது பெட்டி செத்துப்போகவில்லை, இடம் மாறியது.

போனுக்குள் குடிவந்தது

பிரவுசரில் பொப்-அப் தடுப்பு இருக்கு, சரி. ஆனால் கேம் என்பது பிரவுசர் இல்லையே. அது தனி வீடு. அந்த வீட்டுக்குள் எந்தப் பெட்டியை எப்போது திறப்பது என்பதைக் கேம் செய்தவரே தீர்மானிப்பார்.

2008 ஜூலையில் அப்பிள் தன் அப் ஸ்டோரைத் திறந்தது. ஆரம்பத்திலேயே வந்த கேம்களில் ஒன்று 'ஒரோரா பெயின்ட்'. உங்கள் கூட்டாளிகளில் யார் யார் இதை விளையாடுகிறார்கள் என்று காட்டும் வசதி அதில் இருந்தது. அதற்காக அது பாவனையாளரின் போனில் இருந்த தொடர்பு விபரங்களைத் தன் சேர்வருக்கு அனுப்பியது. விஷயம் வெளியே வந்ததும் அப்பிள் அந்தக் கேமைக் கொஞ்ச நாள் ஸ்டோரிலிருந்து எடுத்துவிட்டது. திருத்திய பிறகு திரும்பி வந்தது.

அதே ஆட்கள் 2009இல் 'ஓபன்பெயின்ட்' என்று ஒரு சேவையைத் தொடங்கினார்கள். இந்த முறை அது ஒரு கேம் இல்லை, கேம்களுக்கான பொதுக் கணக்கு. எந்தக் கேம் கம்பனியும் தன் கேமுக்குள் இதைச் சேர்க்கலாம். விளையாடுபவர் ஒரு தடவை சைன் இன் பண்ணினால் எல்லாக் கேமிலும் ஒரே பேர், ஒரே புள்ளிப் பட்டியல், ஒரே கூட்டாளிகள். இன்று நாம பார்க்கிற 'சைன் இன்' பெட்டிக்கு நேர் மூதாதை இதுதான். கேம் திறந்ததும் முதலில் வருவது கேம் இல்லை, ஓபன்பெயின்டில் சேருகிறாயா என்ற கேள்வி.

2011இல் ஜப்பானின் கிரீ கம்பனி 104 மில்லியன் டொலர் கொடுத்து ஓபன்பெயின்டை வாங்கியது. 2012 டிசம்பரில் அந்தச் சேவையை மூடிவிட்டது. சேவையோடு சேர்ந்து, அதில் வைத்திருந்த புள்ளிகளும் சாதனைப் பட்டியல்களும் போயின. கணக்குத் திறக்கச் சொல்லி அத்தனை தடவை கேட்ட இடம், 4 வருஷம்கூடத் தாங்கவில்லை. (அதைத் தொடங்கியவர்களில் ஒருவரான ஜேசன் சிட்ரன் 2015இல் டிஸ்கோர்டைத் தொடங்கினார். அந்தப் பேர் நம்ம பசங்களுக்குத் தெரிந்திருக்கும்.)

இதற்கிடையில் பெரியவர்களே களத்தில் இறங்கிட்டாங்க. 2010 செப்டம்பரில் ஐஓஎஸ் 4.1 உடன் அப்பிளின் 'கேம் சென்டர்' வந்தது. கேம் திறந்ததும் மேலிருந்து இறங்கி வரவேற்கும் அந்தப் பட்டையைப் பிரபலமாக்கியது அது. 2013இல் கூகுள் 'பிளே கேம்ஸ்' சேவையை அறிவித்தது. இதில் ஒரு விஷயத்தைக் கவனிங்க. ஆரம்பத்தில் பிளே கேம்ஸில் சைன் இன் பண்ணுவதற்கு கூகுள் பிளஸ் தேவைப்பட்டது. பேஸ்புக்கோடு போட்டி போட 2011இல் கூகுள் தொடங்கிய சமூக வலைத்தளம் அது. அதற்கு ஆட்கள் தேவை. கார் ஓட்ட வந்த பையனுக்கு கூகுள் பிளஸ் எதுக்கு? அவனுக்கு ஒன்றுமில்லை, கூகுளுக்குத்தான் தேவை இருந்தது. 2016இல் அந்தக் கட்டாயத்தை எடுத்துவிட்டு, விளையாட்டுக்கென்று தனிப் பட்டப்பேர் வைத்துக்கொள்ள விட்டார்கள். 2019 ஏப்ரலில் பொதுமக்களுக்கான கூகுள் பிளஸையே மூடினார்கள்.

ஆக, பெட்டி கேட்பது உங்களுக்கு வேண்டியதை மட்டும் இல்லை. அந்த வருஷத்தில் அந்தக் கம்பனிக்கு எது தேவையோ, அதுவும் கேள்விக்குள்ளே சுருட்டி வைத்திருக்கும்.

ஒரு பக்கத்தை மட்டும் சொல்வது சரியில்லை. சைன் இன் பண்ணுவதில் நன்மை இருக்கு. போன் உடைந்தாலும் புதுப் போனில் விட்ட இடத்திலிருந்தே விளையாடலாம். கூட்டாளிகளோடு போட்டி போடலாம். மாசக்கணக்கா விளையாடிச் சேர்த்ததை இழந்தவனிடம் கேட்டுப் பாருங்க, அதன் அருமை சொல்வான். கூகுள் கேம் செய்பவர்களுக்கு எழுதிய தர வழிகாட்டியிலும், ஒருவர் சைன் இன் வேண்டாம் என்று மறுத்தால் அதை ஞாபகம் வைத்துக்கொண்டு, அடுத்த தடவை திறக்கும்போது தானாகத் திரும்பக் கேட்காதீர்கள் என்று சொல்லியிருந்தார்கள். அதாவது திரும்பத் திரும்பக் கேட்பது தப்பு என்பது இந்தத் துறைக்கே தெரியும். தெரிந்தும் பல கேம்கள் கேட்டுக்கொண்டே இருக்கின்றன. ஏனென்றால் கேட்பதற்குச் செலவில்லை. நூறு தடவை 'இப்ப வேணாம்' சொன்னவன் நூற்றியோராவது தடவை களைத்துப் போவான் என்று அவர்களுக்குத் தெரியும். எங்க தம்பியைப் போல.

துண்டு

இந்த இடத்தில் நான் படிக்கிற பாடம் குறுக்கே வருது. மன்னிச்சுக்கங்க.

எங்க ஊருக்கு ரயில் வந்தது 1885இல். அந்த ரயில் வந்தது மலையில் விளைந்ததைக் கொழும்புத் துறைமுகத்துக்குக் கொண்டுபோக. விளைய வைத்தவர்கள் தென்னிந்தியாவிலிருந்து கங்காணிகள் கூட்டி வந்த நம்ம ஆட்கள். வந்த வழிச் செலவும் கையில் கொடுத்த முற்பணமும் அவங்க பேரில் கடனாக எழுதப்பட்டன. அந்தக் கடனோடு சேர்ந்து ஒரு காகிதம் இருந்தது. அதற்குப் பேர் 'துண்டு'. இவ்வளவு கடனைக் கட்டினால் இந்த ஆட்களை விடுவிக்கிறேன் என்று தோட்டத்துத் தொரை எழுதிக் கொடுப்பது. அது இல்லாமல் ஒரு தோட்டத்திலிருந்து இன்னொரு தோட்டத்துக்குப் போக முடியாது. ஆள் போனால் கடனும் கூடவே போகும். 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் தகர டிக்கெட் முறை வந்தது. தோட்டத்தையும் ஆளையும் குறிக்கும் எண் பொறித்த ஒரு தகர வில்லை. அதைக் காட்டினால் வழியில் விடுவார்கள், செலவு தோட்டத்தின் கணக்கில் விழும். துண்டு முறையை 1921இல்தான் சட்டம் போட்டு ஒழித்தார்கள்.

ஒரு கேம் பெட்டியையும் அந்தத் துண்டையும் சமன் என்று சொன்னால், அது எங்க பாட்டன் பூட்டிக்குச் செய்கிற அவமரியாதை. துண்டு கிடைக்காதவங்க வாழ்க்கை மாட்டிக்கொண்டது. பெட்டியை மூடாவிட்டால் ஒரு கார் ரேஸ் தாமதமாகும், அவ்வளவுதான். நான் எடுத்துக்கொள்வது ஒரே ஒரு விஷயத்தை. கேள்வியை எழுதுவது யார், பதில்களை எழுதுவது யார் என்பதை. துண்டிலும் இரண்டையும் எழுதியது ஒரே பக்கம். வாசிக்கத் தெரியாத ஆள் கீழே பெருவிரலை வைத்தார். எங்க அம்மாயி கடைசிவரை சம்பளத்துக்குப் பெருவிரல் வைத்தவங்க. என்ன எழுதியிருக்கு என்று கேட்டதுண்டா என்று நான் ஒருதடவை கேட்டேன். "கேட்டா மட்டும் மாத்தி எழுதுவாங்களா?" என்றாங்க.

வாசிக்கத் தெரிந்த தலைமுறை நாம. ஆனாலும் பெட்டி வந்ததும் வாசிக்காமல் பெருவிரலால்தான் அமுக்குகிறோம். போன் அமைப்பே பெருவிரலுக்குத்தானே.

இன்னொன்றும் இருக்கு. இந்தச் சேவைகள் எல்லாம் ஒரு போன் என்றால் ஒரு ஆள் என்று நினைத்துச் செய்தவை. லயத்து வீட்டில் ஒரு போன் என்றால் ஒரு குடும்பம். கேம் கேட்பது விளையாடுகிற தம்பியிடம். சம்மதமாகப் பதிவாவது வேலையில் நிற்கிற அம்மாவின் பேர். அம்மாவின் அடையாள அட்டைப் படம், கிளினிக் புத்தகத்தின் படம், எங்க அத்தனை பேரின் நம்பர் எல்லாம் அந்தக் கணக்கோடு இருக்கு. கேமில் சைன் இன் பண்ணியதால் அந்தப் படங்கள் கேமுக்குப் போய்விடாது, அதைத் தெளிவாகச் சொல்லணும். எனக்குப் பயம் வேறு. எந்தப் பெட்டி வந்தாலும் பெரிய பட்டனை அமுக்கினால் தொல்லை விடும் என்று 12 வயசுப் பையன் ஒருவன் கற்றுக்கொண்டான். நாளைக்கு வருகிற பெட்டி தொடர்பு விபரங்களைக் கேட்கலாம், காசு கேட்கலாம், பாஸ்வேர்டைக் கேட்கலாம். விரல் அதே விரல்தான்.

பேர் வைத்தார்கள், பிறகு சட்டம் வந்தது

ஒரு தொல்லைக்குப் பேர் இருந்தால்தான் அதைப் பற்றி முறைப்பாடு செய்யலாம். 2010இல் பிரித்தானியாவைச் சேர்ந்த வடிவமைப்பாளர் ஹரி பிரிக்னல் இப்படிப்பட்ட தந்திரங்களுக்கு 'டார்க் பெட்டர்ன்ஸ்' என்று பேர் வைத்தார். தமிழில் 'இருட்டு வடிவங்கள்' என்று சொல்லிக்கொள்ளலாம். பாவனையாளர் தனக்கு வேண்டாததைத் தன் கையாலேயே செய்யும்படி திரையை அமைப்பது. பட்டனின் அளவு, நிறம், இடம், அதில் உள்ள சொல் எல்லாமே இதில் சேரும்.

2022 டிசம்பரில் அமெரிக்காவின் வணிக ஆணைக்குழு, 'போர்ட்நைட்' கேமைச் செய்த எபிக் கேம்ஸ் கம்பனியோடு மொத்தம் 520 மில்லியன் டொலருக்கு ஓர் இணக்கத்துக்கு வந்தது. அதில் 275 மில்லியன் சிறுவர்களின் தனியுரிமை தொடர்பானது. மிச்ச 245 மில்லியன், குழப்பமான பட்டன் அமைப்பால் வேண்டாத பொருட்களை வாங்கிவிட்டவர்களுக்குத் திருப்பிக் கொடுப்பதற்கு. பட்டன் எங்கே இருக்கிறது என்பது ஒரு சட்டப் பிரச்சினையாகக் கோடிக்கணக்கில் கணக்குப் பார்க்கப்பட்டது.

இந்தியாவில் 2023 நவம்பரில் மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் இருட்டு வடிவங்களுக்கு எதிரான வழிகாட்டு விதிகளை வெளியிட்டது. 13 வகைகளைப் பட்டியலிட்டு விளக்கமும் கொடுத்தார்கள். அதில் ஒன்று நச்சரிப்பு, அதாவது திரும்பத் திரும்பக் கேட்டுத் தொல்லை செய்வது. இன்னொன்று கட்டாயச் செயல், நீங்கள் கேட்ட ஒன்றைத் தருவதற்கு, கேட்காத இன்னொன்றைச் செய்ய வைப்பது. தம்பியின் பெட்டி இந்த இரண்டிலும் கச்சிதமாக உட்காருது.

இலங்கையில் 2022இன் 9ஆம் இலக்கத் தனிப்பட்ட தரவுப் பாதுகாப்புச் சட்டம் இருக்கு. கொடுத்த சம்மதத்தைத் திரும்பப் பெறும் உரிமையை அது பேசுது. அமுலாக்கம் இழுபட்டு வந்தது உண்மைதான். ஆனாலும் ஒரு தடவை 'சரி' என்றால் ஆயுசுக்கும் சரி என்று அர்த்தமில்லை என்பது நம்ம நாட்டுச் சட்டப் புத்தகத்திலும் எழுதியாச்சு.

சுவிட்சுகள்

இப்ப அந்த 5 நிமிஷ வேலை. போனுக்குப் போன் மெனுவின் பேர் கொஞ்சம் மாறும். செட்டிங்ஸில் மேலே உள்ள தேடல் பெட்டியில் பேரை அடித்தால் பெரும்பாலும் வந்துவிடும்.

முதலில், எந்தப் பெட்டி யாருடையது என்று பாருங்க. நாலு விதம் இருக்கு.

கேம் திறந்ததும் வரும் சைன் இன் பெட்டியும் வரவேற்புப் பட்டையும் கேம் சேவையுடையது. அன்ட்ரொய்ட் போன் என்றால் செட்டிங்ஸில் 'கூகுள்' என்ற பகுதிக்குள், கூகுள் செயலிகளுக்கான இடத்தில் 'பிளே கேம்ஸ்' இருக்கும். அங்கே கேம்களில் தானாகச் சைன் இன் பண்ணும் சுவிட்சை நிறுத்துங்க. வேண்டாத கேமின் தரவையோ மொத்தக் கேம் கணக்கையோ அழிக்கும் வழியும் அதற்குள்ளேயே இருக்கு. ஐபோன் என்றால் செட்டிங்ஸில் 'கேம் சென்டர்' சுவிட்சை நிறுத்தினால் போதும். பிளே கேம்ஸ் செயலியையே முடக்கலாமா என்று கேட்பீங்க. முடக்கலாம், ஆனால் சில கேம்கள் அதைத் திரும்பப் போடச் சொல்லி வேறொரு பெட்டி காட்டும். அதனால் முதலில் சுவிட்சு.

மேலே வரிசையாக வந்து விழும் 'இன்றைய பரிசு காத்திருக்கு' வகைகள் நோட்டிபிகேஷன். வந்த ஒன்றை விரலால் அமுக்கிப் பிடித்தால் நிறுத்தும் வழி வரும். ஒவ்வொரு செயலிக்கும் இதை நிறுத்தும் வசதி 2012இல் அன்ட்ரொய்ட் 4.1 உடன் வந்தது. 2017இல் 8ஆம் பதிப்பில் வகை வகையாகப் பிரித்து நிறுத்தலாம் என்றானது. 2022இல் 13ஆம் பதிப்பு வந்த பிறகு புதுச் செயலிகள் முதலில் அனுமதி கேட்டே ஆகணும். பத்து வருஷம் எடுத்திருக்கு, 'அனுப்பிவிட்டுப் பார்ப்போம்' என்பது 'கேட்டுவிட்டு அனுப்புகிறேன்' என்று மாற.

போன் கம்பனியே போட்டு அனுப்பும் கேம் செயலி மூன்றாவது. பெரும்பாலும் அழிக்க முடியாது. ஆனால் செட்டிங்ஸில் 'ஆப்ஸ்' பட்டியலில் அதைத் திறந்து நோட்டிபிகேஷனை நிறுத்தலாம், சில போன்களில் முடக்கவும் முடியும்.

நாலாவது ஆபத்தானது. கேம் திறக்காமலேயே, வட்ஸ்அப் பார்க்கும்போதுகூட முழுத் திரையை மறைத்து வருவது. ஏதோ ஒரு செயலிக்கு மற்றச் செயலிகளுக்கு மேலே காட்டும் அனுமதி போயிருக்கலாம். செட்டிங்ஸில் விசேஷ அனுமதிகளுக்குள் 'டிஸ்பிளே ஓவர் அதர் ஆப்ஸ்' பட்டியலைத் திறந்து, தெரியாத பேர்களுக்கு நிறுத்துங்க. டோர்ச், கிளீனர் என்று எப்போதோ போட்ட செயலிகளில் ஒன்று அங்கே உட்கார்ந்திருக்கும். அதை அழித்துவிடுங்க.

இரண்டு எச்சரிக்கை. கேம் விளையாடிச் சேர்த்ததெல்லாம் கணக்கோடு கட்டியிருந்தால், அழிப்பதற்கு முன்னால் யோசிங்க, திரும்பக் கிடைக்காது. அடுத்து, போனில் ஏற்கனவே உள்ள கணக்கைத் தெரிவு செய்யச் சொல்வது வேறு, பாஸ்வேர்டை டைப் பண்ணச் சொல்வது வேறு. கேமுக்குள் பாஸ்வேர்ட் கேட்டு ஒரு பெட்டி வந்தால், எழுதாமல் மூடிவிட்டு வெளியே வாங்க.

இந்தச் சுவிட்சுகளைக் கம்பனிகள் தாங்களாகக் கொண்டுவந்து கொடுத்ததாக நான் நினைக்கவில்லை. 2004இலும் அப்படி நடக்கவில்லை. ஆட்கள் திட்டினார்கள், முறைப்பாடு எழுதினார்கள், வேறு பிரவுசருக்குப் போனார்கள், வழக்கு வந்தது. அதற்குப் பிறகுதான் செட்டிங்ஸில் ஒரு சுவிட்சு கூடியது. நாலு மெனுவுக்கு உள்ளே ஒளித்து வைத்திருந்தாலும் அது யாரோ கேட்டு வாங்கியது. பாவிக்காமல் விட்டால் நஷ்டம் நமக்கு.

அம்மாவின் போனில் வேலையை முடித்து, அந்தக் கேம் கணக்கை அழித்துவிட்டுக் கொடுத்தேன். தம்பி திறந்தான். பெட்டி வரவில்லை. கார் ஓடியது. அம்மா அடுப்படியிலிருந்தே கேட்டாங்க, "இப்ப என் பேரு அதுக்குள்ள இருக்கா?"

"இல்லம்மா."

தம்பி கொஞ்ச நேரம் ஓட்டிவிட்டு என் பக்கம் திரும்பினான். "அப்ப என் பேர்ல ஒன்னு திறக்கலாமா? கூட்டாளிமாரோட போட்டி போட."

அவனுக்கு அடுத்த வருஷம்தான் 13 முடியுது. அதற்கு முன்னால் அவனாகக் கணக்குத் திறக்க முடியாது. "13 ஆகட்டும், அம்மாகிட்டயும் கேட்டுட்டு ரெண்டு பேரும் சேர்ந்து திறப்போம்" என்றேன். "ஆனா அதுல என்ன எழுதியிருக்குன்னு முதல்ல நீ எனக்கு வாசிச்சுக் காட்டணும்."

"முழுசாவா?" என்றான்.

முழுசாகத்தான்.